கேலிமாஃப்ரியும் சுண்டக்கறியும்

ஞாயிற்றுக்கிழமை காலையில் ஒரு டம்ளர் காபியும் இங்கிலீஷ் பேப்பரின் குறுக்கெழுத்தும் இருந்தால் போதும், பக்கத்தில் இடி விழுந்தாலும் எனக்குக் கேட்காது. இது ஒரு வியாதி என்பது தங்கமணியின் கட்சி. இருக்கட்டும்.

போன மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, 11 எழுத்து வார்த்தை ஒன்று மட்டும் மாட்டாமல் படுத்தி எடுத்தது. முதல் எழுத்து ஜி, கடைசி எழுத்து ஒய். குறிப்புக்குள் 'கலவை' என்கிற அர்த்தம் ஒளிந்திருக்கிறது என்பது வரைக்கும் புரிந்தது. மிக்ஸ்சர், மெட்லி, வெரைட்டி, அசார்ட்மெண்ட் என்று எனக்குத் தெரிந்த கலவைகளையெல்லாம் போட்டுப் பார்த்தேன். ஒண்ணும் பொருந்தலை. சாப்பாட்டுக்கு மூணாவது தடவை கூப்பிட்ட குரலில் உஷ்ணம் ஏறியிருந்ததால், தோல்வியை ஒத்துக்கொண்டு அகராதியைப் புரட்டினேன்.

கேலிமாஃப்ரி!

ஜி, ஏ, எல், எல், ஐ, எம், ஏ, யூ, எஃப், ஆர், ஒய். 'மா'வில் அழுத்தம் கொடுத்துச் சொல்லணும். இப்படி ஒரு வார்த்தை இருப்பதே அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும். சம்பந்தா சம்பந்தமில்லாத பலதும் கலந்து கிடக்கும் குவியல் என்று பொருள் போட்டிருந்தது. அதோடு விட்டிருந்தால் இதை எழுதியிருக்கவே மாட்டேன். பழைய பொருள் என்று இன்னொன்றும் இருந்தது: மிஞ்சிப்போன துண்டு துணுக்குகளையெல்லாம் ஒன்றாகப் போட்டுக் கொதிக்கவைத்த கறி.

படித்ததும் சுருக்கென்று இருந்தது. காரணம், அதற்கு ரெண்டு மாசம் முன்னாடிதான் இதே அர்த்தமுள்ள ஒரு தமிழ் வார்த்தையால் எங்கள் வீட்டில் ஒரு சிக்கல் ஆகியிருந்தது. அது அன்றைக்கும் தீராமல்தான் இருந்தது.

எங்க அப்பா ரிட்டயர்டு தமிழாசிரியர், திருநெல்வேலிப் பக்கம் ஒரு கிராமத்தில் இருக்கிறார். நாங்கள் பெங்களூரு. மகளுக்கு 8 வயசு. ஞாயிறு சாயங்காலம் தாத்தாவுக்கு வீடியோ கால் போடுவது வழக்கம். அன்றைக்கு அவள் ஒரே உற்சாகமாகச் சொன்னது இது: "தாத்தா, நாளைக்கு எங்க ஸ்கூல்ல ஆனுவல் டே. எனக்கு ஸ்வல்ப டென்ஷனா இருக்கு. ஆனா மிஸ் சொன்னாங்க, சிந்தெ பேடா, யூ வில் பீ ஃபைன்னு."

ஒரே மூச்சில் மூணு மொழி. அப்பா சிரித்தார். கிண்டலாகத்தான் சொன்னார், கோபமே இல்லை. "என்னலே பேசுதா இவ? பாஷையா இது? கல்யாண வீட்டுச் சுண்டக்கறில்லா!"

எங்க ஊர்க்காரர்களுக்கு விளக்க வேண்டாம். மற்றவர்களுக்காக: கல்யாணம் முடிந்த மறுநாள், மிஞ்சின சாம்பார், கூட்டு, பொரியல், அவியல் எல்லாத்தையும் ஒரே சட்டியில் கொட்டி, சின்னத் தீயில் வைத்துச் சுண்டச் சுண்டக் காய்ச்சுவார்கள். அதுதான் சுண்டக்கறி. பழைய சோற்றுக்குத் தொட்டுக்கொண்டால், முதல் நாள் விருந்தெல்லாம் கிட்ட நிற்க முடியாது.

போனை வைத்ததும் மகள் கேட்டாள், "சுண்டக்கறின்னா என்னப்பா?" நான் ஏதோ வேலையாக இருந்தேன். யோசிக்காமல் சொன்னேன், "மிச்சம் மீதியெல்லாம் போட்டு வைக்கிறதும்மா."

"லெஃப்ட்ஓவரா?"

"ஆமா."

அவ்வளவுதான் நடந்தது. அடுத்த வாரம் தாத்தா போனில் வந்தபோது, "ஹாய் தாத்தா. ஐ ஆம் ஃபைன். ஸ்கூல் இஸ் குட்" என்று சொல்லிவிட்டு என்னிடம் நீட்டிவிட்டாள். அதற்கடுத்த வாரமும் அதே. நாலாவது வாரம் அப்பாவே கேட்டார், "பிள்ளை ஏன்டே இங்கிலீஷ்லயே பேசுதா? தமிழ் மறந்துட்டா?" எனக்கு என்ன சொல்வதென்று தெரியவில்லை. அவர் கேலி பண்ணினார் என்பது பாதி நிஜம். அந்தக் கேலியை 'லெஃப்ட்ஓவர்' என்று மொழிபெயர்த்து அவள் கையில் கொடுத்தது நான். கலந்து பேசினால் கிண்டல், சுத்தமாகப் பேச வரவில்லை. ஒரே மொழியில் முடித்துக்கொண்டால் யாரும் எதுவும் சொல்ல மாட்டார்கள் என்று எட்டு வயசு மூளை கணக்குப் போட்டிருக்கிறது. அந்த ஒரு மொழி தமிழாக இல்லாமல் போனதுதான் சோகம்.

இந்த நிலைமையில்தான் கேலிமாஃப்ரி வந்து விழுந்தது. 'கேலி' என்றே ஆரம்பிக்கிறது பாருங்கள் :-)

சும்மா இருக்க முடியாமல் தோண்ட ஆரம்பித்தேன். பிரெஞ்சில் காலிமாஃப்ரே என்று ஒரு கறி. 14ஆம் நூற்றாண்டுச் சமையல் குறிப்புகளிலேயே அந்தப் பெயர் வருகிறதாம். 16ஆம் நூற்றாண்டில் அது இங்கிலீஷுக்கு வந்து, அங்கே கறியாகவும் இருந்துகொண்டு கதம்பமாகவும் மாறியிருக்கிறது. ஷேக்ஸ்பியர் ரெண்டு நாடகத்தில் பயன்படுத்தியிருக்கிறார். 'வின்டர்ஸ் டேல்' நாடகத்தில் ஒரு வேலைக்காரன், கண்டபடி குதித்து ஆடும் ஒரு ஆட்டத்தை இப்படிச் சொல்கிறான். 'மெர்ரி வைவ்ஸ் ஆஃப் விண்ட்சர்' நாடகத்தில் வருவது இன்னும் வம்பு. பணக்காரி ஏழை, கிழவி குமரி என்று பாகுபாடே இல்லாமல் ஃபால்ஸ்டாஃப் சகட்டுமேனிக்கு எல்லாப் பெண்கள் மேலும் ஆசைப்படுவதைச் சொல்ல இந்த வார்த்தை.

என்னைப் பிடித்து உட்காரவைத்தது வேறொரு இடம். 1579இல் எட்மண்ட் ஸ்பென்சர் 'ஷெப்பர்ட்ஸ் காலண்டர்' என்ற கவிதைநூலை வெளியிட்டார். அதற்கு 'இ.கே.' என்று முதலெழுத்து மட்டும் போட்டுக்கொண்ட ஒருத்தர் முன்னுரை எழுதியிருக்கிறார். அதில் அவருக்கு ஒரு பெரிய ஆதங்கம். நம்ம மொழியில் நல்ல பழைய சொற்கள் இருக்கும்போது, அதையெல்லாம் மறந்துவிட்டு பிரெஞ்சு, இத்தாலியன், லத்தீன் என்று கடன் வாங்கி ஒட்டுப்போட்டு, இங்கிலீஷை ஒரு கேலிமாஃப்ரியாக, ஒரு ஹாட்ஜ்பாட்ஜாக ஆக்கிவிட்டார்கள் என்று புலம்புகிறார்.

அப்படியே எங்க அப்பா! 440 வருஷத்துக்கும் முன்னாடி, இங்கிலாந்தில், பேன்ட் சட்டை கூட இல்லாத காலத்தில்!

இதில் வேடிக்கை என்னவென்றால், கேலிமாஃப்ரி பிரெஞ்சிலிருந்து வந்தது. ஹாட்ஜ்பாட்ஜும் பிரெஞ்சுதான். 'ஓஷ்போ' என்று ஒரு கறி, சட்டியைக் குலுக்குவது என்று அர்த்தம். கடன் வாங்காதே என்று திட்டுவதற்கு, அந்த மனுஷன் ரெண்டு வார்த்தையைக் கடன் வாங்க வேண்டியிருந்திருக்கிறது. அதுவும் பக்கத்து வீட்டு அடுப்படியிலிருந்து.

தோண்டத் தோண்ட இன்னொன்று தெரிந்தது. கலவையைக் குறிக்க இங்கிலீஷ்காரர்கள் வைத்திருக்கிற வார்த்தைகளில் நிறைய, சாப்பாட்டுக் கடையிலிருந்துதான் வந்திருக்கின்றன.

பாட்புரி: பிரெஞ்சில் 'அழுகின பானை' என்று அர்த்தம். ஸ்பெயின்காரர்களின் 'ஓயா பொத்ரீதா' என்ற கறியின் பெயரை அப்படியே மொழிபெயர்த்தது. இன்றைக்குப் பணக்கார வீட்டு வரவேற்பறையில் காய்ந்த பூ இதழ்களை வாசனைக்காகக் கிண்ணத்தில் போட்டு வைக்கிறார்களே, அதற்கும் இதே பெயர்தான். அழுகின பானையின் யோகத்தைப் பாருங்கள்.

சால்மகண்டி: நறுக்கின இறைச்சி, முட்டை, நெத்திலி மாதிரி உப்பு மீன், வெங்காயம் எல்லாம் கலந்த 17ஆம் நூற்றாண்டுப் பதார்த்தம். வாஷிங்டன் இர்விங் தன் நண்பர்களோடு 1807-08இல் நடத்திய நையாண்டிப் பத்திரிகைக்கு இந்தப் பெயரை வைத்தார். நியூயார்க்கை 'கோத்தம்' என்று முதலில் கிண்டலடித்தது அதில்தான். பேட்மேன் ரசிகர்கள் ஒரு நிமிஷம் எழுந்து நின்று மரியாதை செலுத்தலாம்.

ஃபராகோ: 2017 மே மாசம் சசி தரூர் ஒரு ட்வீட்டில் இதைப் போட்டு, இந்தியாவில் பாதிப் பேரை அகராதி பக்கம் ஓட விட்டாரே, அதேதான். லத்தீனில் மாட்டுக்குப் போடும் கலப்புத் தீவனம்!

ஹாட்ஜ்பாட்ஜின் அண்ணன் 'ஹாட்ச்பாட்' கோர்ட்டுக்கே போய்விட்டார். கூட்டுக்குடும்பச் சொத்து வழக்கில், ஒருத்தர் தன் சுயசம்பாத்தியத்தைப் பொதுச் சொத்தோடு சேர்த்துவிட்டால், பொது ஹாட்ச்பாட்டில் போட்டுவிட்டார் என்று நம்ம நாட்டுத் தீர்ப்புகளிலேயே எழுதுவார்கள். பாகப்பிரிவினை வழக்கில் அலைந்தவர்களுக்கு இந்தக் கறியின் காரம் தெரிந்திருக்கும்.

நம்ம பக்கம் பார்த்தால், கலவைக்கு அவியல், கூட்டாஞ்சோறு என்று அடுப்படி வார்த்தைகள் உண்டு. ஆனால் பெருமையாகச் சொல்ல வேண்டுமென்றால் பூக்கடைக்குப் போய்விடுவோம். கதம்பம். இலக்கியத்தில் கலம்பகம், பலவகை உறுப்பு கலந்து பாடுவது. 9ஆம் நூற்றாண்டு நந்திக் கலம்பகம்தான் நமக்குக் கிடைத்திருப்பதில் பழசு. தமிழும் வடமொழியும் கலந்து எழுதினால் மணிப்பிரவாளம், அதாவது மாணிக்கமும் பவளமும். கலந்தவர்கள் வைத்த பெயர் நகைக்கடை, கலக்காதே என்றவர்கள் வைத்த பெயர் மிச்சக் கறி. பொருள் ஒண்ணுதான், யார் பேர் வைக்கிறார்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

சரி, இந்த வார்த்தையை எங்கே போடலாம், எங்கே போடக்கூடாது? பட்டுச்சேலைக் கடையில் 500 டிசைன் இருந்தால் அது வெரைட்டி. அங்கே கேலிமாஃப்ரி போட்டால் தப்பு. எல்லாம் சேலைதானே? எங்க வீட்டுப் பரணில் பித்தளைக் குடம், 1990கள் கேசட், உடைஞ்ச கேரம்போர்டு, தாத்தாவின் ஊன்றுகோல், மகளின் தொட்டில் எல்லாம் ஒரே குவியலாகக் கிடக்கிறதே, அது கேலிமாஃப்ரி. வகை மட்டும் போதாது, வேற வேற ஜாதிச் சாமான் ஒரே இடத்தில் வந்து விழணும். இன்னொரு விஷயம், இதில் ஒரு நமட்டுச் சிரிப்பு கலந்திருக்கிறது. திட்டாகவும் சொல்லலாம், செல்லமாகவும் சொல்லலாம். உங்கள் மேனேஜரிடம் "நம்ம டீம் ஒரு கேலிமாஃப்ரி" என்று சொன்னால், அவர் அகராதியைப் பார்த்தபிறகு நீங்கள் எதைச் சொன்னீர்கள் என்று விளக்க வேண்டிவரும்.

இதையெல்லாம் சேர்த்துவைத்துக்கொண்டு அப்பாவுக்குப் போன் போட்டேன். உள்ளுக்குள் ஒரு வெற்றிக் களிப்பு. இ.கே.வின் கதையைச் சொல்லி, "அவ்வளவு கலந்த மொழிதான் இன்னிக்கு உலகம் பூரா ஓடுது, பார்த்தீங்களா?" என்று முடித்தேன்.

அப்பா அசரவே இல்லை. "அவன் பொலம்புனது தப்புன்னு யாரு சொன்னா? நம்மகிட்ட மறைமலையடிகள் 1916ல தனித்தமிழ்னு ஆரம்பிக்கலேன்னா, இன்னிக்கும் நீ அக்கிராசனர், அபேட்சகர், நமஸ்காரம்னுதான் எழுதிக்கிட்டு இருப்பே. தலைவர், வேட்பாளர், வணக்கம் எல்லாம் சும்மா வந்துச்சா?"

நியாயம். வாயை மூடிக்கொண்டேன். நான் இதைப் பற்றி யோசித்ததே இல்லை என்பதுதான் உண்மை. அந்தக் காலத்து ஆட்கள் பிடிவாதம் பிடித்ததால் கிடைத்த வார்த்தைகளை வைத்துக்கொண்டுதான், அந்தப் பிடிவாதத்தையே கிண்டல் பண்ணிக்கொண்டிருக்கிறேன்.

கொஞ்ச நேரம் கழித்து மெதுவாகச் சொன்னேன். "அப்பா, நீங்க அன்னிக்குச் சுண்டக்கறின்னு சொன்னீங்கல்லா. அதுக்கப்புறம்தான் பிள்ளை உங்ககிட்ட தமிழ்ல பேசுறதில்ல."

அந்தப் பக்கம் சத்தமே இல்லை. லைன் கட்டாகிவிட்டதோ என்று பார்த்தேன்.

"நான் வெளையாட்டுக்குல்லா சொன்னேன்" என்றார். குரல் இறங்கியிருந்தது. "சுண்டக்கறின்னா எனக்கு உசிருன்னு ஒனக்குத் தெரியாதா? உங்கம்மா வைக்கிறதுக்கு முந்தி நான் சட்டிய வழிச்சிருவேனே. நீ பிள்ளைட்ட என்ன சொன்னே?"

சொன்னேன். "மிச்சம் மீதின்னா சொன்னே?" என்றார். அதற்குமேல் ஒண்ணும் சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம்.

பிறகு தமிழாசிரியர் எழுந்துகொண்டார். "அவ அன்னிக்கு என்ன சொன்னா? திரும்பச் சொல்லு பாப்போம்." சொன்னேன். "ஸ்வல்பன்னா?"

"கொஞ்சம்னு அர்த்தம்ப்பா, கன்னடத்துல."

"அட, நம்ம சொற்பம்லா அது! சிந்தெ, சிந்தை. பேடா..." ஒரு நிமிஷம் யோசித்தார். "கன்னடத்துல நம்ம வகரம் பகரமா மாறும்லா. வில்லு அங்க பில்லு. வெள்ளி பெள்ளி. அப்ப பேடா, வேண்டா! சிந்தை வேண்டா! கவலைப்படாதேன்னு அந்த டீச்சர் தமிழாத்தான்டே சொல்லிருக்கா!"

இதற்குமேல் அவரே கொஞ்சம் சுருதி குறைத்துக்கொண்டார். சொற்பமும் சிந்தையும் வடமொழியிலிருந்து வந்தவை, வேண்டா மட்டும்தான் நம்ம வீட்டுச் சொல் என்று நேர்மையாக ஒத்துக்கொண்டார். "தொல்காப்பியரே இயற்சொல், திரிசொல், திசைச்சொல், வடசொல்லுன்னு நாலுக்கும் எடம் குடுத்திருக்காரு. ஒரே ஒரு நிபந்தனை. வடசொல் வந்தா அதோட எழுத்த வாசல்ல கழட்டிப் போட்டுட்டு, நம்ம எழுத்தோட உள்ள வரணும். ஸ்வல்பம் சொற்பமாச்சுல்லா, அப்படி."

போனை வைத்தபிறகு அவள் பேசின அந்த வாக்கியத்தை இன்னொரு தடவை ஓட்டிப் பார்த்தேன். ஸ்வல்ப, டென்ஷன், ஸ்கூல், மிஸ் எல்லாம் வெளியூர்ச் சாமான். ஆனால் டென்ஷன்'ஆ இருக்கு', ஸ்கூல்'ல', மிஸ் 'சொன்னாங்க'. அந்த மிஸ் பேசின கன்னடம், இங்கிலீஷ் எல்லாத்தையும் அள்ளி முடிச்சுப் போடும் கடைசி 'னு'. அதெல்லாம் தமிழ். இ.கே. எழுதின வாக்கியமும் அப்படித்தான். கேலிமாஃப்ரி பிரெஞ்சாக இருக்கலாம், அதைத் தாங்கி நிற்கிற 'எ', 'ஆர்', 'ஆஃப்' எல்லாம் அவர்கள் ஊர் பழைய சொற்கள். உள்ளே விழுகிற காய் எங்கிருந்து வேண்டுமானாலும் வரலாம். சட்டி நம்ம சட்டியாக இருக்கிறவரை அது நம்ம வீட்டுக் கறிதான். என் பயம், காய் மாறிவிட்டதே என்பதில்லை. "ஐ ஆம் ஃபைன் தாத்தா" என்று அவள் சொன்னாளே, அப்போது சட்டியையே கீழே வைத்துவிட்டாள். அதுவும் தமிழ் வராமல் இல்லை, வெட்கத்தில்.

அடுத்த ஞாயிறு அப்பா நேராக அவளைத்தான் கேட்டார். மன்னிப்பெல்லாம் கேட்கவில்லை, அந்தத் தலைமுறைக்கு அது வராது. "ஏட்டி, கன்னடத்துல வேருக்கு என்ன?" என்றார்.

அவள் என்னைப் பார்த்தாள். நான் ஜன்னலைப் பார்த்தேன்.

"பேரு, தாத்தா."

"வில்லுக்கு?"

"பில்லு."

"வாழ்க்கைக்கு?"

கொஞ்சம் யோசித்தாள். "பதுகு... அது மேட்ச் ஆகலியே தாத்தா!"

அப்பா அப்படிச் சிரித்து நான் பார்த்து ரொம்ப நாளாச்சு. "எல்லாம் ஆகாதுட்டி. ஆகுறது மட்டும் எழுதி வை, தாத்தாவுக்குக் கன்னடம் தெரியாதுல்லா" என்றார். இப்போது ஒரு நோட்டுப் போட்டிருக்கிறாள். இடது பக்கம் அவள், வலது பக்கம் தாத்தா. இதுவரை 23 வார்த்தை சேர்ந்திருக்கிறது. பேச்சு இன்னும் பழைய வேகத்துக்கு வரவில்லை. சில சமயம் ஒரு வார்த்தைக்கு முன்னால் நின்று, இது சரியா என்று யோசித்துவிட்டுத்தான் சொல்கிறாள். அந்த நிறுத்தத்துக்கு நான்தான் பொறுப்பு.

வர்ற லீவுக்கு ஊருக்குப் போகிறோம். பக்கத்துத் தெருவில் ஒரு கல்யாணம் இருக்கிறதாம். கல்யாணத்தைவிட மறுநாள் காலைக்காகத்தான் நான் காத்துக்கொண்டிருக்கிறேன். சுண்டக்கறி என்றால் என்ன என்ற கேள்விக்கு, நான் முதலிலேயே சொல்லியிருக்க வேண்டிய பதிலை அம்மா ஒரு கரண்டியில் எடுத்து அவள் தட்டில் வைப்பாள்.

கொசுறு: அந்தக் குறுக்கெழுத்தை இன்னும் நான் முடிக்கவில்லை. மகள் அதன் மேல் 'பேரு - வேர்' என்று பேனாவால் எழுதி வைத்துவிட்டாள் :-)